கண்ணாடிக்கு அப்பால் ஒரு மனிதர்

தனிமை என்ற சொல்லைக் கேட்டவுடன் நம் மனக்கண்முன் தோன்றும் காட்சிகள் பெரும்பாலும் ஒரே தன்மையன. ஆளரவமற்ற வெளி, பாழடைந்த வீடு, விளக்கு அணைந்த அறை, நள்ளிரவு. அச்சமூட்டும் கதைகளும் திரைப்படங்களும் நெடுங்காலமாக இவற்றையே தமக்குரிய களமாகக் கொண்டு வந்துள்ளன. மனிதர் இல்லாத இடத்தில்தான் தனிமை உண்டு, வெளிச்சம் இல்லாத இடத்தில்தான் அச்சம் உண்டு என்ற எண்ணம் நம்முள் அவ்வளவுக்கு ஊறிப்போயுள்ளது. இவ்வெண்ணத்தை முற்றாகக் கவிழ்த்துவிடும் குறும்படம் ஒன்றைப் பற்றியே இக்கட்டுரையில் எழுத விழைகிறேன். அது பட்டப்பகலில், பெருநகர் ஒன்றின் குடியிருப்பு முற்றத்தில், பலர் கூடி நின்று பார்த்துக்கொண்டிருக்கையில் ஒரு மனிதர் தனித்துப்போவதைக் காட்டுவது.

'லா கபினா' என்பது அப்படத்தின் பெயர். ஸ்பானிய மொழியில் அது தொலைபேசிக் கூண்டைக் குறிக்கும். தமிழில் கூண்டு என்னும் சொல் பறவையை அடைத்து வைப்பதையும், நீதிமன்றத்தில் ஒருவரை நிறுத்தி வைப்பதையும் சேர்த்தே நினைவூட்டுகிறது. இது தற்செயலானதே எனினும் இப்படத்துக்கு மிகவும் பொருந்துகிறது. ஏறத்தாழ 35 நிமிடங்கள் ஓடும் இதனை நெறிப்படுத்தியவர் அன்ரோனியோ மெர்செரோ. அவருடன் சேர்ந்து திரைக்கதையை எழுதியவர் ஹொசே லூயிஸ் கார்சி. 1983 இல் சிறந்த அந்நிய மொழித் திரைப்படத்துக்கான ஒஸ்கார் விருதை ஸ்பெயினுக்கு முதன்முதலாகப் பெற்றுக்கொடுத்த நெறியாளர் இவரே. படம் 1972 ஆம் ஆண்டு டிசம்பர் மாதத்தில் ஸ்பானிய அரச தொலைக்காட்சியில் ஒளிபரப்பாகி, அடுத்த ஆண்டு சர்வதேச எமி விருதைப் பெற்றது.

கதை மிக எளிமையானது. காலை வேளையில் லொறி ஒன்றில் வந்த தொழிலாளர் சிலர், மட்ரிட் நகரின் அடுக்குமாடிக் குடியிருப்பு ஒன்றின் முற்றத்தில் சிவப்பு நிறத் தொலைபேசிக் கூண்டொன்றைப் பொருத்திவிட்டுச் செல்கின்றனர். நடுத்தர வயதுடைய ஒருவர் தம் சிறு மகனைப் பாடசாலை பஸ்ஸில் ஏற்றிவிட்டு, அழைப்பொன்றை எடுப்பதற்காக அக்கூண்டினுள் நுழைகிறார். தொலைபேசி வேலை செய்யவில்லை. வெளியே வர முயல்கிறார். கதவு திறக்கவில்லை. இவ்வளவே தொடக்கம். கதவு திறக்காத சங்கடம் நம் எல்லோருக்கும் எப்போதாவது நேர்ந்ததுதான். ஆகவே, பார்வையாளர் மனத்தில் இக்கட்டத்தில் எழுவது சிறு முறுவலன்றி வேறில்லை.

பின்னர் மனிதர் கூடுகின்றனர். வழியால் வந்த ஓரிருவர் கதவை இழுத்துப் பார்க்கின்றனர். உடல்வலிமை மிக்க ஒருவர் தம் பலத்தைக் காட்ட முன்வந்து தோற்றுப்போகிறார். கருவி கொண்டு முயல்வோரும் உளர். சிறுவர்கள் கூண்டைச் சூழ்ந்து நின்று முகத்தைக் கோணலாக்கிக் கேலி செய்கின்றனர். இருந்து பார்ப்பதற்கு நாற்காலியும் வந்துவிடுகிறது. பொலிஸார் வருகின்றனர், தீயணைப்புப் படையினர் வருகின்றனர். முற்றம் திருவிழாக் களமாகிவிடுகிறது. கண்ணாடிக்கு உள்ளே நிற்கும் மனிதரோ முதலில் நாணுகிறார். பிறகு அசட்டுச் சிரிப்புச் சிரிக்கிறார், பிறகு சினங்கொள்கிறார், பிறகு அயர்ந்துபோகிறார். அவருடைய வாய் அசைகிறது, சொல் வெளியே வருவதில்லை. இப்பாத்திரத்தை ஏற்ற ஹொசே லூயிஸ் லோபஸ் வாஸ்கெஸ் ஸ்பானிய மக்கள் அந்நாள்களில் நகைச்சுவை நடிகராகவே பெரிதும் அறிந்திருந்தவர். அவரைக் கண்டதும் சிரிக்கப் பழகிய மக்கள்முன் அவரையே நெறியாளர் கூண்டில் நிறுத்தினார் என்பது மனங்கொள்ளத்தக்கது.

தமிழ் இலக்கணம் பயின்ற எவருக்கும் இவ்விடத்தில் தொல்காப்பியரின் மெய்ப்பாட்டியல் நினைவுக்கு வராமற் போகாது. நகை பிறக்கும் நிலைக்களன்களாக அவர் எள்ளல், இளமை, பேதைமை, மடன் என நான்கினைக் கூறுகிறார். இப்படத்தின் முற்பாதியில் எள்ளலே ஓங்கி நிற்கிறது. அகப்பட்டவரை அகப்படாதவர் எள்ளுகின்றனர். ஆனால் அந்த நகை நீடிக்க நீடிக்க அதன் சுவை மாறுகிறது. ஒரு கட்டத்தில் நாம் கூட்டத்துடன் நின்று பார்ப்பதை விட்டுக் கண்ணாடியின் உட்புறத்திலிருந்து கூட்டத்தைப் பார்க்கத் தொடங்கிவிடுகிறோம். சிரிக்கும் முகங்கள் அப்போது வேறு முகங்களாகத் தோன்றுகின்றன. ஒருவர் முகமும் கொடியதன்று. ஒவ்வொன்றும் சாதாரணமான முகமே. அச்சம் அங்கேதான் கருக்கொள்கிறது.

தீயணைப்பு வீரர் ஒருவர் கூண்டின் மேலேறி அதனை உடைக்க ஆயத்தமாகும் வேளையில், காலையில் வந்த அதே தொழிலாளர்கள் லொறியுடன் திரும்பி வருகின்றனர். கூண்டுக்கு உரியவர்கள் வந்துவிட்டார்கள் என எல்லோரும் ஆறுதலடைகின்றனர். வந்தவர்களோ கதவைத் திறக்கவில்லை. நிலத்துடன் பூட்டப்பட்டிருந்த கூண்டை மனிதருடன் சேர்த்துக் கழற்றி எடுத்து லொறியில் ஏற்றிக்கொண்டு புறப்படுகின்றனர். கூட்டம் ஆரவாரத்துடன் வழியனுப்புகிறது. அவர் மீட்கப்படப் போகிறார் என்பதில் அங்கு நின்ற எவருக்கும் ஐயமில்லை. இப்படத்தில் மிகக் கொடியது எது என்று என்னைக் கேட்டால் அந்த வழியனுப்புதலையே சொல்வேன்.

அதன்பின் படத்தில் சிரிப்பு இல்லை. லொறி நகர வீதிகளூடாகச் செல்கிறது. ஓரிடத்தில் இன்னொரு லொறி அருகே வருகிறது. அதிலும் ஒரு கூண்டு, அதனுள்ளும் ஒரு மனிதர். இருவரும் ஒருவரை ஒருவர் பார்க்கின்றனர். சைகையால் ஏதோ கேட்கின்றனர். ஆனால், லொறிகள் பிரிந்துவிடுகின்றன. அவர் நிலையை உண்மையில் உணரக்கூடிய ஒரே மனிதருடனும் அவருக்குப் பேச்சில்லை. வழியில் எதிர்ப்படும் சர்க்கஸ் குழுவினருள் ஒருவர் கையில் போத்தலுக்குள் அடைத்த கப்பல் ஒன்று இருக்கிறது. வீதியோரத்தில் எல்லோரும் ஏளனமாய்ப் பார்த்த மனிதரை இவர்கள் மட்டும் துயரத்தோடு பார்க்கின்றனர். பிறரின் வேடிக்கைப் பொருளாக நிற்பது எத்தகையது என்பதை அறிந்தவர்கள் அவர்கள். நகரம் முடிந்து மலைவழி தொடங்குகிறது. இறுதியில் லொறி மலையைக் குடைந்த நெடிய சுரங்கமொன்றினுள் நுழைகிறது. அங்கே வரிசை வரிசையாகக் கூண்டுகள், ஒவ்வொன்றினுள்ளும் இறந்துபோன மனிதர். வழியிற் கண்ட அந்த மற்றைய மனிதரும் தொலைபேசி வடத்தாலேயே தம் உயிரை மாய்த்துக்கொண்டிருக்கிறார். நம் மனிதர் கண்ணாடியோடு சரிந்து விழுகிறார். கடைசிக் காட்சியில் அதே குடியிருப்பு முற்றத்தில் புதிய கூண்டொன்று பொருத்தப்படுகிறது.

தொல்காப்பியர் அச்சத்துக்கும் நான்கு நிலைக்களன்கள் கூறுவார். அவை அணங்கு, விலங்கு, கள்வர், தம் இறை என்பன. இப்படத்தில் அணங்கில்லை, பேயில்லை. விலங்கில்லை. கள்வரும் இல்லை. எஞ்சியிருப்பது இறை, அஃதாவது நம்மை ஆளும் அதிகாரம். ஆனால் அந்த இறைக்கும் இங்கு முகமில்லை. கட்டளையிட்டவர் யார், எதற்காக இட்டார் என்பதைப் படம் ஈற்றுவரை சொல்வதில்லை. கண்ணுக்குத் தெரிபவர்கள் எல்லாம் சீருடை அணிந்து, கொடுத்த வேலையைப் பிசகின்றிச் செய்யும் தொழிலாளர்கள் மாத்திரமே. அவர்களுக்கு அந்த மனிதர்மீது பகையில்லை. பகையில்லாத கையால் வரும் அழிவு என்பது பழைய இலக்கணத்தின் நான்கு கூறுகளுள் எளிதில் அடங்காத ஒன்று எனலாம்.

படம் வெளிவந்த காலத்தில் ஸ்பெயின் பிராங்கோவின் சர்வாதிகாரத்தின் கீழ் இருந்தது. 1939 இல் உள்நாட்டுப் போர் முடிந்தது தொடக்கம் 1975 இல் அவர் இறக்கும் வரை அவ்வாட்சி நீடித்தது. ஆதலின், கண்ணாடிக் கூண்டை அடக்குமுறையின் குறியீடாகவும், வாயிருந்தும் பேசமுடியாத மனிதரை அக்கால ஸ்பானியக் குடிமகனாகவும் கொள்வோர் பலர். அரசின் தொலைக்காட்சியிலேயே அப்படியொரு படம் ஒளிபரப்பானது வியப்புக்குரியது. எந்த இடத்திலும் எவரையும் பெயர்சொல்லிச் சுட்டாத அதன் தன்மை அதற்குக் கேடயமாக அமைந்திருக்கலாம். இவ்விளக்கம் ஏற்புடையதே. ஆயினும், இதனோடு நிறுத்திக்கொண்டால் படத்தை ஒரு நாட்டுக்கும் ஒரு காலத்துக்கும் மட்டும் உரியதாக்கி, நம்மை அதிலிருந்து விடுவித்துக்கொள்கிறோம். அரை நூற்றாண்டுக்குப் பின், ஸ்பானிய மொழி ஒரு சொல்லேனும் அறியாத நான் அதனைப் பார்த்து உறக்கமின்றிக் கிடந்தமைக்கு பிராங்கோ மாத்திரம் காரணமாக இருக்க முடியாது.

உளப்பகுப்பாய்வு அறிஞர் சிக்மண்ட் புரொயிட் 1919 இல் எழுதிய கட்டுரையொன்று இவ்விடத்தில் நமக்கு உதவுகிறது. விளக்கவியலாத ஒருவகைத் திகிலுக்கு ஜேர்மன் மொழியில் வழங்கும் சொல்லை அவர் ஆராய்கிறார். அச்சொல் வீடு என்னும் பொருள்தரும் அடியிலிருந்து பிறந்தது. வீட்டுக்குரியது, பழக்கமானது என்பதன் எதிர்மறையே அது. எனினும், பழக்கமானது என்பதைக் குறிக்கும் அதே சொல் மறைக்கப்பட்டது என்னும் பொருளையும் தருவதை அவர் எடுத்துக்காட்டுகிறார். முற்றிலும் அந்நியமான ஒன்று நம்மை அச்சுறுத்தும். ஆனால் உள்ளத்தை உறையச் செய்வதோ, நமக்கு நன்கு பழக்கமான ஒன்று தன் முகத்தைத் திருப்பி வேறொன்றாகத் தோன்றுவது. மெர்செரோ தம் படத்தில் பயன்படுத்தியவை அனைத்தும் பழக்கமானவையே. குடியிருப்பு உண்மையான மட்ரிட் குடியிருப்பு. மலைக்குள் அமைந்த அந்த ஈற்றுக் காட்சிகளுக்கும் சலமன்கா மாகாணத்தில் டுவெரோ ஆற்றின்மீதுள்ள அல்தேயதாவிலா நீர்மின் நிலையம் களமாயிற்று. பேயைக் காட்டுவதற்கென ஒரு சுவர்கூட அவர் தனியாக எழுப்பவேண்டியிருக்கவில்லை. பிறருடன் பேசுவதற்கென்றே ஆக்கப்பட்ட பொருள் ஒருவரைப் பேச்சற்றவராக்குகிறது என்ற ஒரே முரண் போதுமானதாயிருந்தது.

இப்படத்தை நான் முதன்முதலிற் பார்த்தது மாணவர் விடுதியில், அறைத்தோழியின் மடிக்கணினியில். சுற்றியிருந்தவர்கள் ஏழு பேர். முதற் பதினைந்து நிமிடமும் அறை சிரிப்பால் நிறைந்திருந்தது. லொறி புறப்பட்ட பின்னர் மின்விசிறியின் ஓசை மட்டுமே கேட்டது. படம் முடிந்ததும் ஒருத்தி எழுந்து அறைக் கதவைத் திறந்து, திறக்கிறதா என்று பார்த்துவிட்டு மீண்டும் சாத்தினாள். ஒருவரும் அவளைக் கேலி செய்யவில்லை.

எனக்கோ அந்தக் கண்ணாடி புதியதாய்த் தோன்றவில்லை. வன்னியிலிருந்து இப்பல்கலைக்கழகத்துக்கு வந்த முதற் சில மாதங்களில் நான் அதனுள்ளேயே நின்றிருக்கிறேன். எனக்கு எவரும் தீங்கு செய்யவில்லை. கடையிலும் பஸ்ஸிலும் வீதியிலும் எல்லோரும் என்னைப் பார்த்துப் புன்னகைத்தார்கள். அவர்கள் பேசும் சிங்களம் எனக்கு ஓசையாக வந்து சேர்ந்தது, பொருளாக வரவில்லை. விரிவுரைகளின் ஆங்கிலமும் அவ்வாறே. தமிழ் மாணவர் மத்தியிலும் ஏற்கெனவே ஒரே பாடசாலையில், ஒரே ஊரில் இருந்து வந்தவர்கள் தமக்குள் வட்டமாகிவிட்டிருந்தனர். சாப்பாட்டு வேளையில் நூறு பேர் நடுவே இருந்து உண்டுவிட்டு எழும்பும்போது, அன்றைய நாளில் ஒரு வாக்கியமேனும் முழுமையாகப் பேசவில்லை என்பது நினைவுக்கு வரும். தனிமை இருளில் இல்லை, மனிதரின்மையிலும் இல்லை என்பதை நான் அறிந்தது நூல்களிலிருந்தன்று.

விடுமுறைக்கு ஊருக்குச் சென்றபோது அம்மம்மாவுக்கு அப்படத்தைக் காட்டினேன். மொழி விளங்காவிடினும் படம் விளங்கும் என்பதால் அவருக்கு நான் எதனையும் விளக்கவேண்டியிருக்கவில்லை. கூட்டம் சிரித்தபோது அவர் சிரிக்கவில்லை. பாதிவழியில் என் பக்கம் திரும்பி, "ஏன் பிள்ளை, இவ்வளவு சனம் நிக்குது, அந்த மனுசன்ர பேரை ஒருத்தரும் கேக்கேல்லையே? வீட்டுக்கு ஆர் போய்ச் சொல்லுறது?" என்றார். லொறி புறப்பட்டதும், "பின்னால ஒரு சைக்கிள்லயெண்டாலும் ஒருத்தன் போயிருக்கலாம்" என்றார். சிறிது நேரம் கழித்து, "அந்தப் பெடியன் பள்ளிக்கூடத்தால வந்து தேப்பனைத் தேடுவானெல்லே" என்றார். சுரங்கக் காட்சியை அவர் பார்க்கவில்லை. அடுப்பைப் பார்க்கவேண்டும் என்று எழுந்து போய்விட்டார்.

குறியீடு என்றும் உருவகம் என்றும் நாங்கள் விடுதியில் நள்ளிரவு வரை விவாதித்ததில் இக்கேள்விகள் எழவேயில்லை. பிறகு நான் அப்படத்தை அம்மம்மாவின் கண்களால் மீண்டும் பார்த்தேன். கூட்டத்தினர் கல்நெஞ்சர் அல்லர். பலர் உதவ முன்வருகின்றனர். ஆனால் அவர்கள் எல்லோரினதும் கவனம் கதவின்மீதே குவிந்திருக்கிறது. கதவு ஒரு சிக்கல். அதனைத் தீர்ப்பவர் தாமாக இருக்கவேண்டும் என ஒவ்வொருவரும் விரும்புகின்றனர். கதவுக்குப் பின்னால் நிற்பவரை நோக்கி, உமது பெயர் என்ன, வீட்டில் யார் இருக்கிறார், யாருக்கு அறிவிக்கவேண்டும் என்று கேட்டவரை நான் காணவில்லை. கண்ணாடி ஒலியைத் தடுக்கலாம், எழுத்தைத் தடுக்காது. ஒரு தாளும் ஒரு பேனாவும் போதும். படத்தில் அம்மனிதருக்கு ஈற்றுவரை பெயரே இல்லை என்பதையும் இதனோடு சேர்த்து நோக்குக. பெயரில்லாமல் எழுதப்பட்டமை அவர் எவராகவும் இருக்கலாம் என்பதற்காக என்பர் விமர்சகர். அந்த முற்றத்தில் எவரும் கேளாதமையால் அவருக்குப் பெயரில்லாது போயிற்று என்று கொள்வதற்கும் இடமுண்டு.

பெயரைக் கேட்டிருந்தால் அவர் பிழைத்திருப்பாரா என்ற வினா எழலாம். பிழைத்திருக்கமாட்டார் என்றே நினைக்கிறேன். லொறி வந்தே இருக்கும். கூண்டு கழற்றப்பட்டே இருக்கும். அத்தகைய அதிகாரத்தின் முன்னால் ஒரு தாளும் பேனாவும் என்ன செய்யும்? ஆயினும் ஒன்று நிகழ்ந்திருக்கும். அன்று மாலை யாரோ ஒருவர் அவரைத் தேடிப் புறப்பட்டிருப்பார். கூட்டம் கலைந்தபின்னும் அவர் எங்கே என்று கேட்க ஒரு வாய் எஞ்சியிருக்கும். பெயரையும் ஒளிப்படத்தையும் ஏந்தியபடி 2017 ஆம் ஆண்டு முதல் வீதியோரப் பந்தல்களில் அமர்ந்து தம் உறவுகள் எங்கே எனக் கேட்டுவந்த தாய்மாரை அறிந்த மண்ணிலிருந்து வந்தவர் அம்மம்மா. வாகனம் ஒன்று ஒருவரை ஏற்றிக்கொண்டு போகும்போது முதலிற் செய்யவேண்டியது என்ன என்பது அவருக்குக் குறியீட்டு வினாவன்று.

நம் ஊர்களில் புதியவரைக் கண்டால், எந்த ஊர், ஆற்ற பிள்ளை என்று கேட்கும் வழக்கம் உண்டு. படித்த இளந்தலைமுறையினர் இதனை அநாகரிகமாகக் கருதுகிறோம். அதனுள்ளே சாதியையும் அந்தஸ்தையும் துருவி அறியும் நோக்கம் ஒளிந்திருப்பதும் உண்மையே. அதனை மறுப்பதற்கில்லை. ஆனால், அதே வினா வேறொரு குரலில் கேட்கப்படும்போது அதன் பொருளும் வேறாகிவிடுகிறது. என் முதலாண்டின் அந்த மாதங்களில், சிற்றுண்டிச்சாலையில் வேலை செய்த சிங்களப் பெண்மணி ஒருவர் ஒருநாள் தேநீரைத் தந்துவிட்டு, தாம் அறிந்த நான்கைந்து தமிழ்ச் சொற்களைக் கூட்டி, "பேர் என்ன? ஊர் எங்க? அம்மா இருக்கா?" என்று கேட்டார். நான் பெயர் சொன்னேன். அவர் அதனைப் பிழையாக உச்சரித்தார். திருத்தினேன். மறுபடியும் பிழையாகவே உச்சரித்தார். இருவரும் சிரித்தோம். அந்தச் சிரிப்பில் எள்ளல் இல்லை. மறுநாள் முதல் அவ்வழியே செல்லும்போது என்னை அழைப்பதற்கு அங்கே ஒருவர் இருந்தார். என் சிங்களமும் அந்தத் தேநீர் மேசையிலிருந்தே தொடங்கியது.

இன்று அத்தகைய தொலைபேசிக் கூண்டுகள் உலகின் பெரும்பாலான நகரங்களிலிருந்து அகற்றப்பட்டுவிட்டன. தொலைபேசி நம் கைக்குள் வந்துவிட்டது. ஒருவர் துன்பத்தில் நிற்கும்போது சுற்றி நிற்போர் கையை நீட்டுவதற்கு முன் கைத்தொலைபேசியை உயர்த்திப் படம்பிடிக்கும் காலம் இது. கூண்டு அகன்றது. அதன் கண்ணாடி மட்டும் உள்ளங்கையளவாகச் சுருங்கி ஒவ்வொருவரிடமும் தங்கிவிட்டதோ என எண்ணத் தோன்றுகிறது. 1972 இன் பார்வையாளர் நாற்காலியிட்டு அமர்ந்து பார்த்ததை நாம் நடந்துகொண்டே பார்க்கிறோம்.

மெர்செரோவின் படம் எவ்வித ஆறுதலையும் தருவதில்லை. கதவைத் திறக்கும் வழியையும் அது சொல்வதில்லை. கலைப்படைப்பொன்று அதனைச் சொல்லவேண்டும் என எதிர்பார்ப்பதும் முறையன்று. அது செய்வதெல்லாம், எவர் வேண்டுமானாலும் நுழையத்தக்க ஒரு கூண்டை எவரும் நடமாடும் முற்றத்தில் நிறுத்திவிட்டு விலகிக்கொள்வதுதான். அடுத்து அதனுள் நுழையப்போகிறவரின் வலிமையும் அறிவும் அவரை வெளியே கொணரப் போதா. அவர் நுழையும் வேளையில் அம்முற்றத்தில் நிற்கப்போகிறவர்கள் நாமே. கதவை இழுத்துப் பார்க்க நம்முட் பலர் முன்வருவோம் என்பதில் எனக்கு ஐயமில்லை. கண்ணாடியருகே சென்று பெயரைக் கேட்க ஒருவரேனும் வருவாரா என்பதே கேள்வி.